அடி வாங்கத் தகுதியுள்ளவர்கள்

எங்கள் ஊரில் மழைக்கு ஒதுங்க ஒரே ஒரு நல்ல இடம் இருக்கிறது. அங்கே மட்டும் ஒதுங்கக் கூடாது.

குடைக்காரர் நினைவு மண்டபம் என்று பெயர். பேருந்து நிறுத்தத்தை ஒட்டியே இருக்கிறது. உயரமான கூரை, வழுவழுப்பான தரை, சுவரோரம் நீளமாக ஒரு மரப்பெஞ்சு, பெஞ்சைச் சுற்றிச் சிவப்புக் கயிறு. கண்ணாடிக் கதவு வழியாக எல்லாம் பளிச்சென்று தெரியும். நாங்கள் வெளியே நனைந்துகொண்டும் காய்ந்துகொண்டும் அந்தப் பெஞ்சைப் பார்த்துக்கொண்டு நிற்போம். நான் மூக்குக்கண்ணாடிக் கடையில் வில்லை தேய்க்கிறவன். எதையும் உற்றுப் பார்ப்பது தொழிற்பழக்கம். அந்தப் பெஞ்சில் எந்த ஆணி துருப்பிடித்திருக்கிறது என்பது வரை எனக்குத் தெரியும்.

ஒரு காலத்தில் அது பயணிகள் காத்திருக்கும் கூடம். ஆற்றுக்கு அந்தக் கரைக்காரர்கள் உள்ளே உட்காரலாம். இந்தக் கரைக்காரர்கள், அதாவது எங்கள் அப்பன் பாட்டன்மார், வெளியே நிற்க வேண்டும். அது சட்டம். கூடத்து வாசலில் குடை பழுதுபார்த்துக்கொண்டிருந்த ஒருவர், கொட்டுகிற மழையில் ஒருநாள் தன் குடையை மடக்கிக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு உள்ளே போய் நின்றார். அடித்து வெளியே தள்ளினார்கள். மறுநாளும் போனார். மறுநாளும் அடித்தார்கள். அவர் கையை ஓங்கவில்லை, வையவில்லை, ஓடவுமில்லை. "மழை எல்லார் மேலயும்தான் பெய்யுது, கூரை மட்டும் ஏன் பாதிப் பேருக்கு?" என்று கேட்டதோடு சரி. பிறகு அவர் பின்னால் தெருவே போனது, ஊரே போனது. சிறையும் தடியடியும் ஆகி, கடைசியில் சட்டம் ஒழிந்து கதவு திறந்தது. அவரோ பதவி பட்டம் எதுவும் வேண்டாமென்று மறுபடியும் வாசலில் உட்கார்ந்து குடை தைத்தார். தன்னை அடித்த காவலாளியின் குடைக்கும் கம்பி மாற்றிக் கொடுத்தார் என்று என் அப்பா சொல்வார்.

உயிரோடு இருக்கிறவரைவிடச் செத்தவர்மேல்தான் அரசாங்கத்துக்கு அன்பு பொங்கும். பொங்கியது. அறவழி ஆணையம் ஒன்றை அமைத்தார்கள். ஆணையம் கூடத்தை நினைவு மண்டபம் ஆக்கியது. நினைவு மண்டபத்தில் தூசு படக் கூடாது. தூசு காலில் வருகிறது, கால் ஜனங்களுக்கு இருக்கிறது, ஆகவே ஜனங்கள் வெளியே. குடைக்காரர் அடிபட்டுத் திறந்த கதவை அவர் நினைவாகவே சாத்திவிட்டார்கள். சாமி வரம் கொடுத்தாலும் பூசாரி கொடுக்க மாட்டான்.

நிறுத்தத்தில் ஒரு தகரக் கூரையாவது போடுங்கள் என்று கேட்டுப் பார்த்தோம். மண்டபத்தின் முகப்பு மறையும் என்றார்கள். உட்கார ஒரு சிமெண்டுத் திண்டு? குடைக்காரர் நின்று போராடியவர், அவர் முன்னிலையில் உட்காருவது அவமரியாதை என்று ஒரு பலகை எழுதி நட்டார்கள். எழுத்து அழியாமல் இருக்கப் பலகைக்கு மட்டும் சின்னதாக ஒரு கூரை போட்டிருக்கிறார்கள்.

எங்களோடு நிற்பவர்களில் ஒரு தம்பதி. அவர் ஓய்வுபெற்ற கண்டக்டர், இதே தடத்துப் பேருந்தில் வேலை பார்த்தவர். மனைவி பெரிய ஆஸ்பத்திரியின் சலவைக்கூடத்தில் இருக்கிறார். நாங்கள் சலவையக்கா என்போம். கண்டக்டருக்குச் சிறுநீரகம் இரண்டும் கைவிட்டுவிட்டன. வாரத்தில் மூன்று நாள் அதே ஆஸ்பத்திரிக்குப் போய், ரத்தத்தைச் சுத்தம் செய்கிற எந்திரத்தோடு படுத்துக் கிடக்க வேண்டும். வாரத்துக்கு மூன்று தடவை வாடகை வண்டி வைக்க அவர்களுக்குக் கட்டாது, பேருந்துதான். அவரை நிற்கவைக்காதே, நனையவிடாதே, ஒரு முறைகூடத் தவறவிடாதே என்று டாக்டர் அக்காவிடம் கறாராகச் சொல்லியிருந்தார். ஒருமுறை தவறினால் மூச்சு முட்டும். அடுத்தடுத்து இரண்டு முறை தவறினால் ஆளைப் பார்க்க முடியாது.

கண்டக்டருக்கு உடம்பு போனதே தவிர வாய் போகவில்லை. "வாழ்நாள் பூரா நின்னுக்கிட்டே உக்காந்தவனுக்கெல்லாம் டிக்கெட் கிழிச்சேன், இப்ப எனக்கு டிக்கெட் கிழிக்கிற நேரம், அப்பவும் நிக்கிறேன் பாருங்க" என்பார். பேருந்து வந்து படிக்கட்டில் கூட்டம் அடைத்துக்கொண்டால் பழக்கதோஷத்தில் கத்துவார்: "உள்ள போங்க, உள்ள போங்க, எடம் இருக்கு." எடம் இருக்காது. ஆனால் அவர் சொன்னால் ஜனம் எப்படியோ உள்ளே போய்விடும்.

ஒருநாள் வெயிலில் நின்றபடியே மடிந்து விழுந்தார். மறுநாள் அக்கா ஒரு மடக்கு ஸ்டூல் கொண்டுவந்தார். மண்டபத்துக் காவலாளி வந்து பலகையைக் காட்டி ஸ்டூலை வாங்கிக்கொண்டு போனான். இவனும் இந்தக் கரைக்காரன்தான். ஆளைவிட மீசை பெரிது, அதனால் பெயரே மீசை. "மேல கேமரா இருக்குக்கா, எனக்கும் வயிறு இருக்குல்ல" என்று தரையைப் பார்த்துக்கொண்டு சொன்னான்.

அக்கா ஆணையத்துக்குப் படியேறினார். மண்டபத்துக்குப் பின்னாலேயே அலுவலகம். ஆணையர் பருத்தி உடை உடுத்துகிறவர், மெதுவாகப் பேசுகிறவர், யார் பேசினாலும் கண்ணை மூடிக்கொள்கிறவர். வழி ஒன்று இருப்பதாகச் சொன்னார். அறவழித் தகுதிச் சான்று பெற்றவர்கள் எந்த நாளும் மண்டபத்துக்குள் வந்து அமைதியாக உட்காரலாம். துணைக்கு ஒருவரையும் அழைத்து வரலாம். அதற்கு ஒரு பயிற்சி, முடிவில் ஒரு தேர்வு. இதுவரை எத்தனை பேர் தேறியிருக்கிறார்கள் என்று அக்கா கேட்டிருக்கிறார். ஆணையரும் ஆணையரின் மைத்துனரும் என்று பதில் வந்தது.

அக்கா பயிற்சியில் சேர்ந்த முதல் நாள் ஆணையர் ஆற்றிய உரையை ஒலிபெருக்கி வைத்து வெளியே நின்ற எங்களுக்கும் வழங்கினார்கள். அகிம்சை எல்லாருக்கும் ஆனதல்ல என்றார். அடி கொடுக்க யாரும் கொடுக்கலாம், அடி வாங்கத் தகுதி வேண்டும் என்றார். குடைக்காரர் காலத்தில் இந்தத் தகுதியைச் சோதிக்க முறையான ஏற்பாடு இல்லாததால் யார் யாரோ அடி வாங்கிவிட்டார்கள், அந்தக் குறையை ஆணையம் நிவர்த்தி செய்கிறது என்றார். அடி வாங்கியவர்களில் என் அப்பாவும் ஒருவர். அவர் முதுகில் இருந்த தழும்புக்குச் சான்றிதழ் கிடையாது. அன்று எனக்கு வந்த கோபத்தில் கடைக்குப் போய் ஒரு நல்ல வில்லையை உடைத்துவிட்டேன்.

முதல் தேர்வு வசை தாங்குதல். அதற்கென்று வசை அலுவலர் ஒருவர் இருக்கிறார். திட்டு யார் மனத்தையும் புண்படுத்திவிடக் கூடாதல்லவா, அதனால் குழுக்கள் உட்கார்ந்து வடிகட்டிய திட்டுகள். அவர் அக்காவின் முகத்துக்கு நேரே நின்று, உங்கள் கைப்பை சற்றுப் பழையது, நீங்கள் நாங்கள் எதிர்பார்த்த அளவுக்கு இல்லை என்று வாசித்தார். திட்டு எப்போது ஆரம்பிக்கும் என்று அக்கா பொறுமையாகக் காத்திருந்தார். திட்டு முடிந்து முழு மதிப்பெண்ணும் போட்டாயிற்று.

இரண்டாவதுதான் கண்டம். அறை தாங்குதல். கன்னத்தில் ஒரு அறை விழும். கையைத் தூக்கக் கூடாது, முகத்தைத் திருப்பக் கூடாது. வீட்டில் பழகிக்கொள்ளலாமென்று அக்கா கண்டக்டரை அறையச் சொன்னாராம். கண்டக்டர் கையைத் தூக்கிப் பார்த்துவிட்டுக் கீழே போட்டுவிட்டாராம். இத்தனை வருஷமாக ஓங்காத கை இப்போது எப்படி ஓங்கும்? "அடி உதவுற மாதிரி அண்ணன் தம்பி உதவ மாட்டான்னு சொல்லுவாங்க. புருஷன் அதுக்கும் உதவ மாட்டான் போல" என்று மறுநாள் எங்களிடம் சிரித்துக்கொண்டே சொன்னார். முகம் சிரித்தது. கண் சிரிக்கவில்லை.

தேர்வன்று கண்டக்டரோடு நானும் பார்வையாளனாகப் போயிருந்தேன். அறைவதற்கு ஓர் ஓய்வுபெற்ற ஓவிய வாத்தியாரை நியமித்திருந்தார்கள். பள்ளிக்கூடத்தில் ஒரு பிள்ளையைக்கூடத் தொடாதவர், அதனாலேயே நடுநிலையாக அறைவார் என்று தேர்ந்தெடுத்தார்களாம். அறை வாத்தியார் என்று பெயர் வந்துவிட்டது. கண்டக்டர் சுவரில் சாய்ந்து நின்றபடி மூச்சைப் பிடித்துக்கொண்டிருந்தார். இந்த ஒரு அறையைத் தாங்கிவிட்டால் அவருக்கு அந்தப் பெஞ்சு. அக்கா கைகளைப் பின்னால் கட்டிக்கொண்டு, கண்ணை மூடாமல் நின்றார். வாத்தியார் கையுறை மாட்டினார், கழற்றினார், மறுபடி மாட்டினார். ஆணையர் மணியை அடித்தார். வாத்தியார் கண்ணை இறுக மூடிக்கொண்டு வீசினார். கண்ணை மூடி வீசினால் என்ன ஆகும்? அறை காற்றில் போயிற்று, வழுவழுத் தரையில் கால் வழுக்கிற்று, மனிதர் மல்லாந்து பின்மண்டை தரையில் மோதப் போனார். அக்கா பாய்ந்து அவர் கையைப் பிடித்து நிறுத்திவிட்டார்.

பிறகு ஆணையர் கண்ணைத் திறந்தார்.

"அறைய வந்த கையைப் பிடித்துத் தடுத்திருக்கிறீர்கள். இது பலப்பிரயோகம்."

"அவர் விழுந்துருவாருன்னு பிடிச்சேங்க. மண்டை ஒடஞ்சிருக்கும்."

"குடைக்காரர் யாரையும் தாங்கிப் பிடித்ததாக ஆணையத்தில் பதிவு இல்லை."

வாத்தியார் ஏதோ சொல்ல வாயெடுத்தார். தேர்வாளர் தேர்வரின் சார்பில் பேசுவது விதிமீறல் என்று அவரை உட்காரவைத்துவிட்டார்கள். அதோடு விட்டார்களா? வன்முறைப் போக்குள்ளவர் என்று நிரூபணமான ஒருவர் மண்டபத்தின் முகப்புக்கு எதிரில் நிற்பது நினைவகத்துக்குக் களங்கம் என்று முடிவாயிற்று. இனி அக்கா சாலைக்கு அந்தப் பக்கம், மின்கம்பத்தடியில் நின்றுதான் பேருந்துக்குக் காத்திருக்க வேண்டும். பெஞ்சு கேட்கப் போனவருக்கு நடைபாதையும் போயிற்று. கிணறு வெட்டப் பூதம் கிளம்பிய கதைதான்.

மின்கம்பத்துக்கும் நிறுத்தத்துக்கும் நடுவே லாரிகள் பறக்கிற சாலை. பேருந்து வருவது தெரிந்ததும் கண்டக்டரைத் தாங்கிக்கொண்டு அதைக் கடந்து வரவேண்டும். வீங்கிய காலோடு அவர் எப்படி ஓடுவார்? நாங்கள் பேருந்தைக் கையைக் காட்டி நிறுத்திப் பார்த்தோம். சில ஓட்டுநர்கள் பழைய கண்டக்டருக்காக நின்றார்கள். மண்டபத்தின் ஆண்டுவிழாவுக்கு முந்தின முறை வந்த ஓட்டுநர் புது ஆள். நிற்கவில்லை. அவர்கள் சாலையின் நடுவில் நிற்க, பேருந்து போய்விட்டது. அடுத்த பேருந்தில் போய்ச் சேர்ந்தபோது எந்திரத்தில் வேறு ஆளைப் படுக்கவைத்துவிட்டார்களாம். ஒருமுறை தவறிவிட்டது.

ஆகவே அந்த அடுத்த முறை தவறவே கூடாது. அன்றைக்குத்தான் ஆண்டுவிழா.

ஆண்டுவிழாவின் உச்சம் அடி ஏற்பு. குடைக்காரர் வாங்கிய அடியை அவர் சார்பில் ஆணையர் வருடாவருடம் மேடையில் ஏற்பார். முதல் வருடம் மரத்தடியால் மெல்லத் தொட்டார்கள். அடுத்து பஞ்சுத்தடி. அடுத்து பூச்சுற்றிய பஞ்சுத்தடி. கழுதை தேய்ந்து கட்டெறும்பானதுபோல் போன வருடம் வெறும் பூவே வந்துவிட்டது. அந்தப் பூ மூக்கில் பட்டு ஆணையர் தும்மிவிட்டதால், இந்த வருடம் முன்னெச்சரிக்கையாக வாசலில் ஓர் ஆம்புலன்ஸ் நிறுத்தியிருந்தார்கள்.

அமைச்சர் வருகிறார் என்று சாலையை அடைத்துவிட்டார்கள். பேருந்து இல்லை. விழா முடிந்தால்தான் வரும் என்றார்கள். மழை பிடித்துக்கொண்டது. மின்கம்பத்தடியில் அக்காவின் குடை தெரிந்தது, குடைக்குக் கீழே கண்டக்டர். நான் ஓடிப்போய்ப் பார்த்தேன். முகம் உப்பி, உதடு வெளுத்து, ஒவ்வொரு மூச்சையும் தேடித் தேடி இழுத்துக்கொண்டிருந்தார். வாய் பேசவில்லை. கண்டக்டர் பேசாமல் இருந்து நான் பார்த்ததே இல்லை. ஒலிபெருக்கியில் ஆணையர் பேசிக்கொண்டிருந்தார். "அடிக்கிற கைதான் அணைக்கும் என்பது நம் முன்னோர் வாக்கு. ஆணையம் அணைக்கிற கை. ஆகவே சில வேளைகளில் அது அடிக்கிற கையாகவும் இருக்க வேண்டியுள்ளது" என்றார். உள்ளே கைதட்டினார்கள்.

அக்கா குடையை மடக்கினார். கக்கத்தில் இடுக்கிக்கொண்டார். கண்டக்டரின் இடுப்பைச் சுற்றிக் கையைப் போட்டுச் சாலையைக் கடந்து, பலகையைத் தாண்டி, நேரே மண்டபத்து வாசலுக்கு நடந்தார்.

மீசை குறுக்கே வந்தான். மேடைத்தடிதான் பூ; காவலாளிகளின் தடி அசல். உள்ளே போக முடியாதுக்கா என்று கெஞ்சினான். அவன் தோளில் இருந்த கருவியில் யாரோ உறுமிக்கொண்டிருந்தார்கள்: யார் அது, தடுத்து நிறுத்து, அடித்து விரட்டு.

"தம்பி, இவர அந்தப் பெஞ்சுல உக்கார வச்சிட்டு நான் வெளியே வந்து நிக்கிறேன். நீ அடிக்கணும்னா அடிச்சிக்க. இவர் மேல படாம அடி."

மீசை அடித்தான். முதல் அடி தோளில். இரண்டாவது நெற்றியில் பட்டுத் தோல் கிழிந்தது. அக்காவின் ஒரு கை கண்டக்டரைத் தாங்கியிருந்தது, இன்னொரு கக்கத்தில் குடை. தடுக்க அவருக்குக் கையே இல்லை. இருந்தாலும் தூக்கியிருக்க மாட்டார் என்றுதான் நான் நினைக்கிறேன். ஒரு அடி எடுத்து வைத்தார். மீசையின் தடி மூன்றாம் முறை மேலே போய் அங்கேயே நின்றுவிட்டது. கதவு திறந்தது. அக்கா கயிற்றைத் தூக்கிவிட்டு, கண்டக்டரைப் பெஞ்சில் உட்காரவைத்தார்.

மேடையில் பூத்தடியோடு ஆணையர் நின்றார். அக்காவின் நெற்றியிலிருந்து ரத்தம் வழுவழுத் தரையில் சொட்டியது. நாங்கள் கண்ணாடிக்கு வெளியே மூச்சு விடாமல் நின்றோம். அப்போது முன்வரிசையில் ஒருவர் எழுந்து பலமாகக் கைதட்டினார். அமைச்சர்.

"இதான்யா விழா. போன வருஷம் பூவ வச்சு அடிச்சப்ப எனக்குத் தூக்கம்தான் வந்துச்சு. இந்தம்மா என்னமா நடிக்குது."

எல்லாரும் எழுந்து கைதட்டினார்கள். ஆணையரின் முகத்தை நான் உற்றுப் பார்த்தேன். அகிம்சை விழாவில் தன் காவலாளி ஒரு பெண்ணின் மண்டையை உடைத்துவிட்டான் என்று அமைச்சரிடம் சொல்வதா, இல்லை இது தாமே ஏற்பாடு செய்த நாடகம் என்று சொல்வதா? மனிதர் அதிகம் யோசிக்கவில்லை. தாழ்மையாகக் கும்பிட்டு, ஏதோ எங்களால் முடிந்தது என்றார்.

அப்புறம் என்ன நடக்கும் என்று அமைச்சர் ஆவலாகக் கேட்டார். ஆணையர் விழித்தார். சரித்திரம் அவர் கழுத்தைப் பிடித்தது. "சரித்திரப்படி... வெளியே நிற்கிறவர்கள் எல்லாரும் உள்ளே வருவார்கள்" என்று ஈனக்குரலில் சொன்னார். வரச் சொல்லுங்க என்றார் அமைச்சர்.

வந்தோம். சேற்றுக்காலோடு, சொட்டச் சொட்ட. நான் அந்தப் பெஞ்சில் உட்கார்ந்தேன். துருப்பிடித்த ஆணி தொடையில் குத்தியது. அப்பாவை நினைத்துக்கொண்டேன், அழுகை வந்துவிட்டது. அதற்கும் கைதட்டினார்கள்.

ஆனால் பக்கத்தில் கண்டக்டரின் தலை தொங்கிக்கொண்டிருந்தது. அமைச்சர் குனிந்து பார்த்து, ஒப்பனை பிரமாதம், வீக்கம் அப்படியே இருக்கிறது என்று பாராட்டினார். அக்கா ஒரு கணம் அவரைப் பார்த்தார். பிறகு ஆணையரைப் பார்த்துக்கொண்டே, அமைச்சருக்குப் பதில் சொன்னார்.

"நாடகம் இன்னும் முடியலைங்க. அடுத்த காட்சியில இவர அந்த ஆம்புலன்ஸ்ல ஏத்தி ஆஸ்பத்திரிக்குக் கூட்டிட்டுப் போவாங்க. சைரன் போட்டுக்கிட்டே."

ஆணையரால் மறுக்க முடியுமா? தானே ஒரு பக்கம் தாங்கிப் பிடித்துக்கொண்டு வந்து ஏற்றிவிட்டார். அமைச்சருக்காகக் காலியாக வைத்திருந்த சாலையில் ஆம்புலன்ஸ் பறந்தது. எந்திரம் கிடைத்தது. கண்டக்டர் பிழைத்தார்.

கதை இங்கே முடிந்திருந்தால் நன்றாக இருந்திருக்கும். ஆணையம் எதையும் அவ்வளவு சுலபத்தில் முடிய விடாது. அமைச்சருக்குக் காட்சி பிடித்துப்போய், பார்வையாளர்களுக்காக வாரந்தோறும் நடத்தும்படி உத்தரவு போட்டுவிட்டார். ஆணையர் அக்காவை அழைத்து இனிக்க இனிக்கப் பேசினார். வாரம் ஒரு காட்சி. காவலாளி மிதமாக ஒரு அடி அடிப்பான், ரத்தம் வந்தால் நல்லது, வராவிட்டாலும் பாதகமில்லை. பேருந்து வரும்வரை துணைநடிகர் பெஞ்சில் உட்காரலாம். வாரம் ஒன்று போதாது, மூன்று வேண்டும் என்றார் அக்கா. ஆணையருக்கே தூக்கிவாரிப் போட்டதாம்.

நாங்கள் மாட்டவே மாட்டோம் என்றோம். இதைவிட வெயிலில் செத்துப்போகலாம் என்று ஒருவர் கத்தினார். அக்கா நெற்றிக் கட்டைச் சரிசெய்துகொண்டு, "அவருக்கு ஒவ்வொரு தடவையும் எவ்வளவு பெரிய ஊசி குத்துறாங்க தெரியுமா? இது ஒரு அடி" என்று சொல்லிவிட்டுப் போய்விட்டார். கண்டக்டர் மனைவியின் குடையை வாங்கித் தான் பிடித்துக்கொண்டார்.

முதல் காட்சியன்று மண்டபத்து மாடியில் பார்வையாளர்கள் நெருக்கியடித்து நின்றார்கள். ஆணையர் கைக்குட்டையை அசைத்தார். அக்கா குடையை மடக்கிக்கொண்டு கண்டக்டரோடு வாசலுக்கு வந்து நின்றார். மீசை தடியோடு எதிரே நின்றான். கைக்குட்டை மறுபடி அசைந்தது. தோள் கருவி உறுமியது. மீசையின் தடி எழவில்லை. அக்காவே தாழ்ந்த குரலில், அடிப்பா, நேரமாகுது, பஸ் வந்துரும் என்றார். மீசையின் முகம் கோணிக்கொண்டு போயிற்று. தடியைச் சுவரில் சாய்த்து வைத்தான். கதவைத் திறந்தான்.

"போதும்கா. உள்ள போங்க."

அன்று மாலைக்குள் உத்தரவு வந்துவிட்டது. பணி நேரத்தில் அடிக்க மறுத்து, அறவழி ஆணையத்தின் கொள்கைக்குக் களங்கம் விளைவித்த குற்றத்துக்காக மீசையை வேலையிலிருந்து நீக்கியிருந்தார்கள்.

காலியான பதவிக்கு விளம்பரம் போட்டார்கள்: திடகாத்திரமான, கருணையுள்ள, அடிக்கத் தெரிந்த ஆள் தேவை. பதவி நிரம்பும்வரை வாசலில் ஆள் நிறுத்த விதி இடம் தரவில்லை; காட்சியை நிறுத்த அமைச்சரின் உத்தரவு இடம் தரவில்லை. ஆகவே அடி இல்லாமலே காட்சி நடக்கிறது, சரித்திரப்படி நாங்களும் உள்ளே போய் உட்காருகிறோம். ஆட்கள் வந்த வண்ணம் இருக்கிறார்கள். ஒவ்வொருவருக்கும் செய்முறைத் தேர்வு உண்டு. தேர்வு நடத்துவது அறை வாத்தியார். ஒருவன் தடியைப் பிடித்த விதம் சரியில்லை என்பார், இன்னொருவனுக்குக் கருணை போதாது என்பார். அத்தனை பேரையும் தோற்கடித்துவிட்டு, மிகுந்த வருத்தத்தோடு ஆணையரிடம் அறிக்கை கொடுத்துவிட்டு வந்து, எங்களோடு பெஞ்சில் உட்காருவார்.

நேற்றும் நல்ல மழை. வேலை தேடிப் போகிற மீசை, பேருந்துக்கு வந்தவன், மண்டபத்துக்கு வெளியே பலகையடியில் நனைந்துகொண்டு நின்றான். உள்ளே வர அவனுக்குக் கூச்சம். சலவையக்கா பெஞ்சில் நகர்ந்து உட்கார்ந்து அவனைப் பார்த்தார். கண்டக்டர் மெல்ல எழுந்தார். சுவரைப் பிடித்தபடியே வாசல்வரை போனார். அவனைத் தோளைத் தொட்டு முன்னால் விட்டுவிட்டு, கதவை முழுசாகத் திறந்து பிடித்துக்கொண்டு, நடைபாதையில் நின்ற எல்லாரையும் பார்த்துத் தன் பழைய குரலில் கத்தினார்.

"உள்ள போங்க, உள்ள போங்க. எடம் இருக்கு."